அம்மைக் கொப்புளத்துக்கு டெகோவிரிமேட் கிடைக்குமா?

கேள்வி: என் கொழுந்தன் துபாயிலிருந்து திருவனந்தபுரம் வழியாக ஊருக்கு வந்து 9 நாள் ஆகிறது. 4 நாளாகக் காய்ச்சல். 2 நாளாக முகத்திலும் உள்ளங்கையிலும் கொப்புளம். அம்மை போட்டிருக்கிறது என்று மாமியார் வேப்பிலை விரித்துப் படுக்க வைத்திருக்கிறார். அமெரிக்காவில் நர்ஸாக இருக்கும் உறவுக்காரப் பெண், "பெரியம்மைக்கே மாத்திரை வந்துவிட்டது, டெகோவிரிமேட் என்று கேளுங்கள்" என்கிறாள். நாகர்கோவிலில் கிடைக்குமா? மகளுக்கு வாங்கிய அசைக்ளோவிர் மிச்சம் இருக்கிறது, அதைக் கொடுக்கலாமா? (குளச்சல் வாசகி)

பதில்: கிடைக்காது. நாகர்கோவிலில் மட்டுமல்ல, திருவனந்தபுரத்திலும் மெடிக்கல் ஷாப்பில் சீட்டு நீட்டி வாங்கும் மருந்து இல்லை அது. பெரியம்மை மறுபடி வந்தால் என்ன செய்வது என்ற அச்சத்தில் அமெரிக்க அரசு சேமித்து வைத்திருக்கும் மருந்து. இணையத்தில் யாராவது விற்க முன்வந்தால் பணம் அனுப்பாதீர்கள்.

மருந்தைத் தேடுவதற்கு முன்னால் இது எந்த அம்மை என்று தெரிய வேண்டும். சின்னம்மைக் கொப்புளம் பெரும்பாலும் நெஞ்சிலும் முதுகிலும் தொடங்கும், அரிக்கும், மேலாக நீர் கோத்திருக்கும். ஒரே இடத்தில் புதுசு, பழுத்தது, பொருக்குத் தட்டியது எல்லாம் கலந்து கிடக்கும். உள்ளங்கையில் வருவது அபூர்வம். பெரியம்மை குடும்பத்து வைரஸால் வரும் குரங்கம்மை (எம்பாக்ஸ்) அப்படியல்ல. காய்ச்சலோடு கழுத்திலோ அரையிலோ நெறி கட்டும். கொப்புளம் தொட்டால் கெட்டியாக, ஆழமாக, நடுவில் குழி விழுந்து இருக்கும். உள்ளங்கை, உள்ளங்காலிலும் வரும். 2022க்குப் பிறகு பிறப்புறுப்பில் நாலைந்து புண் மட்டும் வந்தவர்களும் உண்டு. கூச்சப்பட்டு அதை மறைத்தால் நோய் பிடிபடாது. தொற்றியதிலிருந்து அறிகுறி தெரிய 3 முதல் 21 நாள் ஆகும் என்பதால், 9 நாள் முன்பு வந்தவர் விஷயத்தில் குரங்கம்மையைச் சந்தேகித்தே ஆக வேண்டும். இந்தியாவில் முதலில் உறுதியான குரங்கம்மை, 2022 ஜூலையில் வளைகுடாவிலிருந்து திருவனந்தபுரத்தில் வந்திறங்கிய கொல்லம்காரருக்குத்தான்.

அசைக்ளோவிர் வேண்டாம். அது ஹெர்பிஸ் குடும்ப வைரஸுக்கான மருந்து. சின்னம்மை அந்தக் குடும்பம். பெயரில் அம்மை இருந்தாலும் பெரியம்மைக்கும் குரங்கம்மைக்கும் அது உறவே இல்லை. சின்னம்மையாகவே இருந்தாலும் கொப்புளம் தோன்றிய 24 மணி நேரத்துக்குள் தொடங்கினால்தான் நல்ல பலன். பெரியவருக்கு 800 மில்லிகிராம் தினம் 5 வேளை, 7 நாள் வேண்டும். பிள்ளைக்கு வாங்கியதில் மிச்சம் அதற்குக் காணாது.

இனி டெகோவிரிமேட். பெரியம்மை குடும்பத்து வைரஸ் ஒரு செல்லுக்குள் பெருகியதும், மேலே இன்னொரு உறை போர்த்திக்கொண்டு வெளியே கிளம்பும். அந்த உறையைப் போர்த்த உதவும் விபி37 என்ற புரதத்தைத்தான் இந்த மருந்து முடக்குகிறது. வைரஸ் சாகாது; அடுத்த செல்லுக்குப் பரவுவது தடைபடும். ஆகவே முன்கூட்டித் தொடங்கினால்தான் பயன். 2018 ஜூலையில் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தபோது பெரியம்மை நோயாளி ஒருவரும் உலகில் இல்லை. 1980லேயே ஒழிந்துவிட்ட நோய். குரங்கிலும் முயலிலும் அதே குடும்பத்து வைரஸைச் செலுத்தி உயிர் பிழைக்கிறதா என்று பார்த்தார்கள், 359 ஆரோக்கியமான மனிதர்களுக்குக் கொடுத்துப் பாதுகாப்பைச் சோதித்தார்கள். அந்த ஆதாரத்தின் மேல் வந்த அனுமதி அது.

குரங்கம்மை வந்த மனிதர்களிடம் பின்னர் சோதித்தபோது கதை வேறாக இருந்தது. காங்கோ ஜனநாயகக் குடியரசில் 597 பேரைச் சேர்த்து நடந்த ஆய்வின் முடிவு 2024 ஆகஸ்டில் வெளியானது: மருந்து எடுத்தவருக்கும் வெற்று மாத்திரை எடுத்தவருக்கும் புண் ஆறிய காலத்தில் வித்தியாசமில்லை. 2022இல் பரவிய வகையின் மேல் நடந்த இன்னொரு ஆய்வும் அதே ஆண்டு டிசம்பரில் அதே முடிவைச் சொன்னது, வலியும் குறையவில்லை. ஆனால் காங்கோ ஆய்வில் கவனிக்க வேண்டியது வேறொன்று. அங்கே வழக்கமாக 100க்கு 3.6 பேர் இறக்கும் நோயில், இரண்டு பிரிவையும் சேர்த்து 1.7 பேர்தான் இறந்தார்கள். எல்லோரையும் ஆஸ்பத்திரியில் வைத்து, சாப்பாடும் நீரும் கொடுத்து, புண்ணில் சீழ் பிடிக்காமல் பார்த்துக்கொண்டதுதான் வித்தியாசம். இந்தக் கவனிப்புக்கு வெளிநாட்டு மாத்திரை தேவையில்லை, நம் ஊரிலேயே கிடைக்கும்.

கண்ணில் புண், எச்ஐவியால் எதிர்ப்புச் சக்தி மிகக் குறைந்த உடல் போன்ற கடுமையான நிலையில் மட்டும் டாக்டர்கள் டெகோவிரிமேட்டைப் பற்றி யோசிப்பார்கள். எப்போதாவது கைக்கு வந்தால் தெரிந்திருக்க வேண்டியது: ஒரு கேப்சூல் 200 மில்லிகிராம். 40 முதல் 120 கிலோவுக்குக் கீழ் எடையுள்ளவர் 12 மணி நேரத்துக்கு ஒருமுறை 3 கேப்சூல், 14 நாள். மொத்தம் 84. இதில்தான் நம் வீடுகளில் தவறு நடக்கும். கொழுப்புள்ள முழுச் சாப்பாடு முடித்து 30 நிமிடத்துக்குள் விழுங்க வேண்டும், சுமார் 25 கிராம் கொழுப்பு இருக்க வேண்டும். வெறும் வயிற்றில் போட்டால் ரத்தத்தில் சேருவது கணிசமாகக் குறைந்துவிடும். அம்மை வீட்டில் நாம் என்ன செய்கிறோம்? எண்ணெய்ச் சட்டி அடுப்பில் ஏறாது, தாளிப்பு கிடையாது, மீன் கிடையாது, கஞ்சியும் இளநீரும்தான். கஞ்சியில் கொழுப்பே இல்லை. தேங்காய் அரைத்த குழம்பு, அவியல், மேலே ஒரு கரண்டி தேங்காயெண்ணெய் என்றால் 25 கிராம் எளிதாக வந்துவிடும். 100 கிராம் துருவிய தேங்காயிலேயே 30 கிராமுக்கு மேல் இருக்கிறது. சர்க்கரைக்கு ரெப்பாக்ளினைட் சாப்பிடுபவருக்கு டெகோவிரிமேட்டோடு சேர்ந்தால் சர்க்கரை திடீரென இறங்கலாம், அதை டாக்டரிடம் சொல்லியாக வேண்டும். வைரஸ் சிறு மாற்றத்திலேயே மருந்துக்கு அடங்காததாகிவிடக்கூடும் என்பதால் பாதியில் நிறுத்தக் கூடாது.

இன்று செய்ய வேண்டியது: பஸ்ஸிலோ ஷேர் ஆட்டோவிலோ ஏற்றாதீர்கள். அரசு மருத்துவ உதவி எண் 104ஐ அழைத்து, வெளிநாட்டிலிருந்து வந்தவர், உள்ளங்கையில் கொப்புளம் என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லுங்கள். ஆசாரிபள்ளம் மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரிக்குப் போவதாக இருந்தால் 108இல், முன்கூட்டிச் சொல்லி, முகக்கவசம் போட்டு, புண்களை முழுக்கைச் சட்டையாலும் வேட்டியாலும் மூடி அழைத்துப் போங்கள். ரத்தம் மட்டும் எடுத்தால் போதாது. கொப்புளத்து நீரும் பொருக்கும்தான் பிசிஆர் சோதனைக்கு முக்கியம்.

வீட்டில் தனி அறை. பாய், தலையணை, துவர்த்து (துண்டு), தட்டு எல்லாம் தனி. பொருக்கில் வைரஸ் உயிரோடு இருக்கும், அதனால் படுக்கை விரிப்பை உதறக் கூடாது, தரையைக் கூட்டக் கூடாது. ஈரத்துணியால் துடையுங்கள். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 15 கிராம் பிளீச்சிங் பவுடர் அன்றன்றைக்குக் கலந்து, கையுறை போட்டுத் துடைக்கலாம். அதோடு ஆசிட் கலந்தால் நச்சு வாயு கிளம்பும். துணியைச் சோப்புப் பொடி போட்டுச் சுடுதண்ணீரில் தனியாகத் துவையுங்கள். காய்ச்சலுக்கும் வலிக்கும் பாராசிட்டமால் போதும். வேப்பிலை படுக்கையருகே இருக்கட்டும். அரைத்து உடைந்த புண்ணில் பூசினால் சீழ் பிடிக்கும்.

தலைக்குத் தண்ணீர் ஊற்றுவதைப் பற்றியும் சொல்ல வேண்டும். 7ஆம் நாள், 9ஆம் நாள் ஊற்றிவிட்டால் அம்மை இறங்கியது என்று ஆளை வெளியே விடுவது சின்னம்மையில் பெரும்பாலும் சரிப்பட்டு வரும். குரங்கம்மையில் 2 முதல் 4 வாரம் ஆகும். எல்லாப் பொருக்கும் உதிர்ந்து அடியில் புதுத் தோல் வந்த பிறகுதான் தனிமை முடியும். குளிப்பாட்டுவது தப்பில்லை, கூட்டத்துக்கு அனுப்புவதுதான் தப்பு.

மூச்சுத் திணறல், குழப்பமான பேச்சு, கண் சிவந்து வலிப்பது, வாய்ப்புண்ணால் தண்ணீர்கூட இறங்காதது, இதில் எது வந்தாலும் ராத்திரி என்று பார்க்காமல் கிளம்புங்கள். கவனித்துக்கொள்ள ஒரே ஒருவர் போதும். பழைய அம்மை குத்திய தழும்பு (பெரியம்மைத் தடுப்பூசித் தழும்பு) கையில் இருந்தால் மாமியாருக்கு ஓரளவு பாதுகாப்பு உண்டு, மகளுக்கு இல்லை. மகளை அந்த அறைப்பக்கம் விடாதீர்கள். கொழுந்தனைத் தொட்டவர்கள் கடைசியாகத் தொட்ட நாளிலிருந்து 21 நாள் காலையும் மாலையும் காய்ச்சல் பார்த்து எழுதி வைக்க வேண்டும்.