அல்பின் கிராவின் ஒரே படம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘நோஸ்பெராட்டு’ என்ற ஜெர்மன் மௌனப் பேய்ப்படம் பற்றிய கட்டுரையில் அதை இயக்குநர் முர்னாவின் படம் என்று சொல்வதற்கு இணையாகவே அல்பின் கிராவின் படம் என்றும் சொல்லலாம் என எழுதியிருந்தீர்கள். கிராவ் தயாரித்தது அந்த ஒரே படம்தான், அதோடு அவருடைய நிறுவனமும் திவாலாகிவிட்டது என்று படித்தேன். பணம் போட்டுத் தோற்ற ஒருவருக்கு இவ்வளவு இடம் தரலாமா? அவர் பணியாற்றிய வேறு படம் ஏதேனும் பார்க்கக் கிடைக்குமா?

ச.

அன்புள்ள ச.,

கிராவ் பணம் போட்டவர் மட்டும் அல்ல என்பதே என் பதில். 1921இல் என்ரிகோ டீக்மனுடன் சேர்ந்து அவர் தொடங்கிய நிறுவனத்தின் பெயர் பிரானா. நம் ‘பிராணன்’தான் அது. மறைஞானத்தில் ஆழ்ந்த ஈடுபாடு கொண்ட ஓவியர் அவர். முதல் உலகப்போரில் படைவீரராக இருந்தபோது, 1916இன் குளிர்காலத்தில், செர்பிய விவசாயி ஒருவர் இறந்துபோன தன் தந்தை இரத்தம் குடிக்கும் பேயாகத் திரும்பி வந்ததைச் சொல்லக் கேட்டதாக அவரே எழுதியிருக்கிறார். அந்தக் கதை எவ்வளவு உண்மையோ, படத்துக்கான விளம்பரம் எவ்வளவோ, அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. என்னை அவர் பக்கம் நிறுத்துவது திரையில் தெரியும் அவருடைய கைவேலை.

அந்தப் படத்தின் அரங்கமைப்பும் உடைகளும் கிராவுடையவை. ஆனால் ஓராவா கோட்டை, விஸ்மார், லூபெக் என உண்மையான இடங்களில் நிறையக் காட்சிகள் எடுக்கப்பட்டதால், செட் போட்டு மிரட்டும் வாய்ப்பு கலை இயக்குநருக்குக் குறைவாகவே இருந்தது. எனவே அவருடைய கற்பனை முழுவதும் உருவத்திலும் பொருள்களிலும் போய்ச் சேர்ந்தது. மொட்டைத் தலை, கூர்ந்த காதுகள், எலியைப் போல முன்னால் நீண்ட இரண்டு பற்கள், காட்சிக்குக் காட்சி வளர்ந்துகொண்டே போவதுபோல் தோன்றும் விரல்கள் என்று நாம் அறிந்த, படத்தின் இரத்தம் குடிக்கும் பேயான ஓர்லோக் பிரபு கிராவின் சித்திரங்களில் பிறந்தவர். வீட்டுத் தரகர் நாக் ஒரு கடிதத்தைப் பிரித்துப் படிக்கும் காட்சியை நிறுத்திப் பாருங்கள். சில நொடிகளே திரையில் தெரியும் அந்தத் தாள் முழுவதும் சோதிடக் குறிகளும் மந்திரச் சின்னங்களும் நெருக்கமாக எழுதப்பட்டிருக்கின்றன. வெறும் கிறுக்கலே போதுமாக இருந்திருக்கும். பார்வையாளரால் படித்து முடிக்க முடியாத ஒன்றை அத்தனை சிரத்தையோடு எழுதியவருக்கு அந்த உலகின்மேல் உண்மையான நம்பிக்கை இருந்திருக்க வேண்டும் என்றே நான் கருதுகிறேன்.

தயாரிப்பாளராக அவர் செய்த பிழை பெரியது, அதை நான் மறைக்கவில்லை. பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’ நாவலுக்கு உரிமை பெறாமல், பாத்திரங்களின் பெயர்களை மட்டும் மாற்றி, ஆனால் நாவலைத் தழுவியது என்று படத்திலேயே அறிவித்தும் விட்டார்கள். 1922 மார்ச்சில் பெர்லினில் படம் வெளியானது. விளம்பரத்துக்குத் தாராளமாகச் செலவழித்திருந்த பிரானா அந்த ஆண்டிலேயே நொடித்துப்போனது. ஸ்டோக்கரின் மனைவி ஃபுளோரன்ஸ் விடாமல் வழக்கை நடத்தினார். எழுதியவரின் குடும்பத்துக்கு ஒரு காசுகூடத் தராமல் எடுத்த படம் என்பதால் அவருடைய கோபம் முற்றிலும் நியாயமானது. 1925இல் எல்லாப் பிரதிகளையும் அழிக்க நீதிமன்றம் உத்தரவிட்டது. அதற்குள் சில பிரதிகள் வெளிநாடுகளுக்குப் போயிருந்ததால்தான் நீங்களும் நானும் இன்று இதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறோம்.

தோற்றவர் என்ற சொல்லைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. நிறுவனம் போன பிறகு, 1923இல், ஆர்தர் ராபிசன் இயக்கிய ‘நிழல்கள்’ படத்துக்கு மூலக் கருவைத் தந்ததோடு அரங்கையும் உடைகளையும் வடிவமைத்தவர் கிராவ். ஒரு விருந்துக்கு வரும் நிழற்பாவைக் கூத்தாடி அங்கிருப்பவர்களின் பொறாமையையும் ஆசையையும் அவர்களுக்கே நிழலாகக் காட்டும் கதை அது. திரைச்சீலைக்குப் பின்னால் கைகள் தொட்டுக்கொள்வதுபோல் நிழல் விழுவதைக் கணவன் பார்த்துக் கொதிக்கும் இடம் ஒன்று உண்டு. கைகள் உண்மையில் தொடவே இல்லை. விளக்கும் திரையும் ஆளும் எங்கெங்கே நிற்க வேண்டும் என்று திட்டமிட்டு அமைக்காத அரங்கில் அந்தக் காட்சியை எடுத்திருக்க முடியாது.

நீங்கள் கேட்ட வேறு படமும் இதுதான். மௌனப் படங்களில் இடையிடையே வரும் வசன அட்டைகள் இல்லாமலே கதையைச் சொல்கிறது, ஆகவே ஜெர்மன் தெரியாதது தடையாக இராது.