ஸ்டாக்ஸ் ரெக்கார்ட்ஸ்: கேட்டவையும் விடைகளும்

கேள்வி: ஸ்டாக்ஸ் என்ற பெயருக்கு என்ன பொருள்?

பதில்: ஸ்டாக்ஸ் என்பது சோல் இசைக்குப் பேர்போன அமெரிக்க இசைத்தட்டு நிறுவனம். வங்கி ஊழியரான ஜிம் ஸ்டீவர்ட் 1957-இல் அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரில் அதைத் தொடங்கியபோது அதன் பெயர் சாட்டிலைட். தம் வீட்டை அடமானம் வைத்து ஒலிப்பதிவுக் கருவி வாங்கித் தந்த அக்காள் எஸ்டெல் ஆக்ஸ்டன் கூட்டாளியானார். அதே பெயரில் வேறொரு நிறுவனம் இருந்ததால், 1961-இல் ஸ்டீவர்ட் (Stewart), ஆக்ஸ்டன் (Axton) என்ற இருவர் பெயர்களின் முதல் இரண்டிரண்டு எழுத்துகளை இணைத்து ஸ்டாக்ஸ் என்று மாற்றினார்கள்.

கேள்வி: ஐயா, ஸ்டாக்ஸ் பாடல்களின் ஒலி மட்டும் தனியாகத் தெரிவது ஏன்?

பதில்: மெக்லெமோர் அவென்யூவில் இருந்த பழைய கேபிடல் திரையரங்கை 1960-இல் வாடகைக்கு எடுத்தவர்கள், இருக்கைகளை அகற்றினார்களே தவிர, திரையை நோக்கிச் சரிந்த தரையைச் சமன்செய்யவில்லை, பலர் புகழும் அந்த முழக்கத்தில் இந்தக் கூடத்துக்கும் பங்கு உண்டு. முன்புறம் தின்பண்டம் விற்ற இடத்தில் எஸ்டெல் இசைத்தட்டுக் கடை நடத்தி, அக்கம்பக்கத்து இளைஞர்கள் எதை விரும்பிக் கேட்கிறார்கள் என்று கவனித்து உள்ளே சொல்லிவந்தார். ஆயினும் கட்டடத்தைவிட வாசித்தவர்களையே நான் முதன்மையாகக் கருதுகிறேன். இன ஒதுக்கல் நிலவிய ஊரில் இரண்டு கறுப்பினத்தவரும் இரண்டு வெள்ளையரும் கொண்ட, ஸ்டாக்ஸின் சொந்த வாத்தியக் குழுவான புக்கர் டி அண்ட் த எம்ஜிஸ், எழுதிவைத்த இசைக்குறிப்பை நம்பாமல், ஒருவர் வாசிப்பை ஒருவர் கேட்டே பாடல்களுக்கு உருக்கொடுத்தது.

கேள்வி: ஸ்டாக்ஸின் புகழ்பெற்ற பாடகர் ஓட்டிஸ் ரெடிங் முதலில் அங்கே கார் ஓட்டிக்கொண்டு வந்தவர் என்கிறார்களே?

பதில்: உண்மைதான். 1962-இல் கிதார் கலைஞர் ஜானி ஜென்கின்ஸை அழைத்துவந்த அவருக்கு, ஒலிப்பதிவில் மிஞ்சிய நேரத்தில் பாட வாய்ப்புக் கிடைத்தது.

கேள்வி: இத்தனை வெற்றிக்குப் பிறகும் பாடல்களின் உரிமை எப்படிக் கைவிட்டுப் போனது?

பதில்: இதை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது. 1967 டிசம்பர் 10 அன்று அமெரிக்காவின் மனோனா ஏரியில் விழுந்த விமானத்தில் ரெடிங்கும் அவருடன் வாசித்த பார்-கேஸ் குழுவினர் நால்வரும் மாண்டார்கள். அந்த இழப்போடு இன்னோர் அடியும் விழுந்தது. ஸ்டாக்ஸ் இசைத்தட்டுகளின் விநியோகஸ்தரான அட்லாண்டிக் நிறுவனம் அதே ஆண்டு விற்கப்பட்ட பின்னர்தான், 1965-இல் ஸ்டீவர்ட் முழுமையாகப் படிக்காமல் கையெழுத்திட்ட ஒப்பந்தம், அட்லாண்டிக் விநியோகித்த மூலப்பதிவுகளை எல்லாம் அந்நிறுவனத்துக்கே உரிமையாக்கியிருந்தது தெரியவந்தது.

கேள்வி: அத்தோடு முடிந்ததா?

பதில்: முடியவில்லை. இழந்த பாடல்களுக்கு ஈடுசெய்ய, அல் பெல் என்ற கறுப்பின நிர்வாகி 1969-இல் ஒரே வீச்சில் 27 ஆல்பங்களை வெளியிட வைத்தார். ஸ்டாக்ஸ் இசைக்கலைஞர் ஐசக் ஹேஸ் 1972-இல் ஆஸ்கர் வென்றார். கடன் நெருக்கியதால் 1975 டிசம்பரில் நிறுவனம் திவாலானது. 1989-இல் இடிக்கப்பட்ட கட்டடம் நின்ற இடத்தில் 2003 முதல் அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே ஒலிப்பதிவுக்கூடத்தை அந்தச் சரிவுத் தரையோடே மீண்டும் அமைத்திருக்கிறார்கள்.