உதட்டுத் தழும்புக்கு ஒரு கோடும் அடமானம் போக வேண்டாத தென்னந்தோப்பும்

கொழிஞ்சாம்பாறையிலிருந்து ஒரு தந்தை எழுதியிருக்கிறார். மகள் தமிழ் மீடியத்தில் பிளஸ் டூ முடித்தவள். நீட் இரண்டு முறை எழுதியும் தகுதி மதிப்பெண்ணே வரவில்லை. வெளிநாட்டில் எம்.பி.பி.எஸ். சீட் வாங்கித் தர ஏஜென்ட் இருக்கிறார், தோப்பை அடமானம் வைத்தால் போதும் என்கிறார் மைத்துனர். மகளோ அம்மாவிடம் மட்டும், "ரத்தத்தப் பாத்தாலே எனக்கு ஆகாதும்மா, ஆனா பயாலஜி பிடிக்கும்" என்றிருக்கிறாள். பாட்டியின் டிஸ்சார்ஜ் சம்மரியை வைத்துக்கொண்டு, அதிலுள்ள ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் தேடி நோட்டில் எழுதுகிறாளாம்.

அண்ணா, உங்கள் கவலை நியாயமானது. ஆனால் ஆறுதல் சொல்வதை இதோடு நிறுத்திக்கொள்கிறேன். தோப்பை அடமானம் வைக்காதீர்கள்.

நீட்டில் தகுதி பெறாமல் வெளிநாட்டில் மருத்துவம் படித்துவிட்டு வந்தால் இந்தியாவில் டாக்டராகப் பதிவு செய்ய முடியாது. 2018 முதல் இதுதான் விதி. இதை உங்கள் மைத்துனரிடம் அந்த ஏஜென்ட் சொன்னாரா என்று கேளுங்கள். தகுதி பெற்றவர்களுக்கும் பாதை நீளம்தான். 2021இல் வந்த விதிமுறைப்படி அங்கே குறைந்தது 54 மாதப் படிப்பு, 12 மாதப் பயிற்சி. திரும்பி வந்தபின், வெளிநாட்டில் மருத்துவம் படித்தவர்களுக்கென்று நடக்கும் ஸ்கிரீனிங் தேர்வு. அதில் தேறினால் இங்கே மறுபடி 12 மாதப் பயிற்சி. அந்த ஸ்கிரீனிங் தேர்வில் எழுதியவர்களில் கால்வாசிப் பேர்கூடத் தேறாத முறைகள் பல உண்டு. ரத்தம் ஆகாது என்று வாய்விட்டுச் சொன்ன பெண்ணை, இருக்கும் ஒரே சொத்தையும் எழுதிக் கொடுத்து இதில் தள்ளுவதற்கு நான் ஒப்பமாட்டேன்.

நர்சிங், இன்ஜினியரிங் பற்றிப் பேசப் போவதில்லை. அவற்றைச் சொல்ல உங்கள் ஊரிலேயே நிறையப் பேர் இருப்பார்கள். நான் சொல்ல வருவது மெடிக்கல் கோடிங். கேட்டவுடன் "கம்ப்யூட்டர்ல நம்பர் தட்டுற வேலைதானே" என்பார்கள். அது அப்படி இல்லை என்பதை ஒரு சின்னக் காயத்தை வைத்தே காட்டுகிறேன்.

அமெரிக்காவில் ஒருவர் கண்ணாடி மேல் விழுந்து உதடு கிழிந்து மருத்துவமனைக்குப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய கோடுகளை, அதாவது குறியீடுகளை, இங்கே கோவையிலோ சென்னையிலோ உட்கார்ந்திருக்கும் கோடர் எடுக்கிறார். காப்பீட்டு நிறுவனம் பணம் தருவது அதை வைத்துத்தான். ஐ.சி.டி.-10-சி.எம். என்ற நோய்க் குறியீட்டுத் தொகுப்பு அங்கே 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன்படி, உள்ளே கண்ணாடித் துண்டு எதுவும் தங்காத உதட்டுக் கிழிசலுக்கு எஸ்01.511. துண்டு தங்கியிருந்தால் எஸ்01.521. கிழியாமல் அடிபட்டுக் கன்றிப்போயிருந்தால் எஸ்00.531. நாய் கடித்த திறந்த காயம் என்றால் எஸ்01.551.

இத்தோடு முடியாது. ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து வர வேண்டும். காயத்துக்கு நேரடி சிகிச்சை நடக்கும்வரை ஏ. ஆறிவரும்போது தையல் பிரிக்க வந்தால் டி. ஒரு வருடம் கழித்து அதே ஆள், "தழும்பு இழுக்கிறது, வாய் சரியாக மூடவில்லை" என்று வந்தால் எஸ். இதைத்தான் சீக்வெலா என்கிறார்கள்; காயம் ஆறியபின்னும் அது விட்டுப்போன பாதிப்பு. இதற்குக் காலக்கெடு கிடையாது, பத்து வருடம் கழித்து வந்தாலும் சீக்வெலாதான். புதிதாக வேலைக்கு வந்தவர்கள் தடுமாறுவது இங்கேதான். நோயாளி ஒரு புது டாக்டரை முதல் தடவை பார்க்கிறார் என்பதால் ஏ போட்டுவிடுவார்கள். உதடு நேற்றுத்தான் கிழிந்தது என்று அர்த்தமாகிவிடும். பில் திரும்பி வரும்.

வரிசையும் முக்கியம். இப்போது இருக்கும் தொல்லை முதலில், அதற்குக் காரணமான பழைய காயம் இரண்டாவது. உதட்டுத் தோலில் சாதாரணத் தழும்பு என்றால் எல்90.5 முதலில், எஸ்01.511எஸ் அடுத்து. தழும்பு தடித்துக் கீலாய்டாக எழும்பியிருக்கிறது என்று டாக்டர் எழுதியிருந்தால் எல்90.5 தவறு, அங்கே எல்91.0 வர வேண்டும். நாய்க்கடி என்றால் அதற்கென்று டபிள்யூ54.0 வேறு, ஏழாவது எழுத்து ஏழாவது இடத்தில் நிற்க வேண்டும் என்பதற்காக நடுவில் இரண்டு எக்ஸ் போட்டு, கடைசியில் எஸ். குறிப்பில் இல்லாததைக் கோடர் தானாக ஊகிக்கக் கூடாது. சந்தேகம் வந்தால் டாக்டரிடம் கேட்டு வாங்க வேண்டும். பாட்டியின் சம்மரியை வரிவரியாகப் பிரித்துப் படிக்கும் பெண்ணுக்கு இந்த வேலை ஒத்துவரும் என்று நம்புகிறேன். இதில் ரத்தம் இல்லை, ஆனால் மருத்துவம் இருக்கிறது.

தமிழ் மீடியம் என்று சொல்லி யாராவது பயமுறுத்தினால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். இந்த வேலையில் ஆங்கிலத்தைப் படித்துப் புரிந்துகொள்வதுதான் பெரிது. இன்டர்வியூவுக்குத் தேவையான பேச்சைப் பட்டப்படிப்புக் காலத்திலேயே பழகிக்கொள்ளலாம்.

பட்டப்படிப்பு என்றேன், அதைத் தவிர்க்க முடியாது. நிறுவனங்கள் பெரும்பாலும் உயிர் அறிவியல் பட்டதாரிகளைத்தான் எடுக்கின்றன. பாலக்காட்டில் அரசு விக்டோரியா கல்லூரி இருக்கிறது, வேலந்தாவளம் தாண்டினால் கோவை. அரசுக் கல்லூரியிலோ உதவி பெறும் கல்லூரியிலோ விலங்கியல் அல்லது உயிர்வேதியியல் சேர்த்துவிடுங்கள். அடமானம் தேவைப்படாது. கடைசி வருடத்தில் கோடிங் பயிற்சி, அப்புறம் கோடர்களுக்கான சி.பி.சி. சான்றிதழ்த் தேர்வு: நான்கு மணி நேரம், 100 கேள்விகள், தேற 70 சதவீதம். அனுபவம் இல்லாமல் தேறினால் முதலில் பெயருக்குப் பின்னால் அப்ரென்டிஸ் என்பதைக் குறிக்கும் ஓர் ஏ ஒட்டிக்கொள்ளும், பிறகு அதை நீக்கிக்கொள்ளலாம்.

பணத்தில் ஒரே நிபந்தனை: வேலை வாங்கித் தருகிறேன் என்று முன்பணம் கேட்கும் எந்தப் பயிற்சி மையத்துக்கும் ஒரு ரூபாய் கொடுக்காதீர்கள். கோடிங் என்று அழைத்துவிட்டு இரவு ஷிப்டில் காப்பீட்டு நிறுவனங்களுக்குப் போன் பேச வைக்கும் இடங்களும் உண்டு. அது வேறு வேலை. சேரும் முன்பே கேட்டுத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். ஆரம்பச் சம்பளம் டாக்டர் சம்பளம் அல்ல. தினம் இத்தனை குறிப்பு என்று இலக்கு உண்டு, பிழை விகிதத்தையும் கணக்கெடுப்பார்கள். எளிய குறிப்புகளை இப்போது மென்பொருளே முடித்துவிடுகிறது. அதனால் மேலோட்டமாகக் கற்றவர்களுக்கு இடம் குறையும். சீக்வெலா மாதிரி யோசித்து முடிவெடுக்க வேண்டிய இடங்களில் திறமை உள்ளவர்கள் நிற்பார்கள்.

ஐ.சி.டி. விதிமுறைப் புத்தகம் அமெரிக்க அரசின் நோய்க் கட்டுப்பாட்டு மையமான சி.டி.சி.யின் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. பாப்பாவிடம் இறக்கிக் கொடுங்கள். காயங்கள் பற்றிய பகுதியைப் படித்துவிட்டு, இந்த உதட்டுக் காயத்துக்கு அவளே கோடு போட்டுப் பார்க்கட்டும். இரண்டு வாரத்தில் சலித்துப்போனால் இது அவளுக்கு வேண்டாம், மறுபடி எழுதுங்கள், வேறு வழி பார்ப்போம். அதுவரை அவளிடம் நீட் பற்றி வீட்டில் யாரும் பேச வேண்டாம், மாமா உட்பட.