அடுப்படிக் கேள்விகள்: மச்சம் இல்லாத ஜமேக்கன் பற்றீ

சென்ற இதழில், ஜமேக்கன் பற்றீயை (மாவுக்குள் கறியை மடித்து அவணில் சுடுகிற பலகாரம்) மச்சம், அதாவது மீன் இறைச்சி, இல்லாமலும் நல்லாய்ச் செய்யலாம் என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களைப் பார்த்தால் ஸ்காபரோவில் பாதிப் பேர் அவணுக்கு முன்னால்தான் நிற்கிறீர்கள் போலக் கிடக்கு. இந்த முறை முழுப் பக்கமும் அதற்கே.

அக்கா, என்ரை பெடியன்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது வார்டன் சப்வே ரயில் நிலையத்தில் பற்றீ வாங்கிச் சாப்பிட்டுப் பழகியவர்கள். வெள்ளிக்கிழமையும் அதுதான் வேணும் என்கிறார்கள். எங்கள் வீட்டில் வெள்ளி மரக்கறி. கடையில் வாங்கிய மரக்கறிப் பற்றீ சப்பென்று இருக்கிறது. வீட்டில் செய்ய வழி சொல்லுங்கோ.
— வாசகி, மார்க்கம்

தங்கச்சி, அது சப்பென்று இருப்பது இறைச்சி இல்லாததால் அல்ல, உள்ளே ஈரம் இல்லாததால். இறைச்சிப் பற்றீ ஒன்றைப் பிரித்துப் பார்த்தால் தெரியும். அரைத்த இறைச்சி ரஸ்க் தூளோடும் குழம்போடும் சேர்ந்து, கரண்டியால் வழித்தெடுக்கக்கூடிய கூழாக இருக்கும். மரக்கறி வைக்கிறவர்கள் அந்தக் கூழை விட்டுவிட்டு, கரட்டையும் கோவாவையும் வதக்கி மாவுக்குள் அடைத்து விடுகிறார்கள்.

நான் இதைப் பழகியது முதியோர் இல்லச் சமையலறை ஒன்றில். எனக்குப் பக்கத்து அடுப்பில் நின்றவ ஜமேக்காவில் மாண்டெவில் ஊர்க்காரி, செவன்த் டே அட்வென்டிஸ்ட் சபை. அந்தச் சபையில் இறைச்சி தொடாதவர்கள் ஏராளம். மாண்டெவிலில் அவர்களுடைய பல்கலைக்கழகமே இருக்கிறது. வெள்ளி பொழுதுபட்டதும் அவவுக்கு ஓய்வுநாள் தொடங்கிவிடும், பிறகு அடுப்புப் பக்கம் போக மாட்டா. அதனால் சனிக்கிழமைச் சாப்பாட்டுக்கான பற்றீயை வெள்ளி பின்னேரத்துக்குள் சுட்டு அடுக்கிவிடுவா. வெள்ளிக்கிழமையில் மரக்கறிப் பற்றீ என்பது உங்கள் வீட்டுப் புதுமை அல்ல.

அவ வைத்தது பருப்பு. தோல் நீக்காத முழு மைசூர்ப் பருப்பு, மண்ணிறமாக இருக்குமே, அதில் 150 கிராம் எடுங்கோ. பன்னிரண்டு பற்றீக்குக் காணும். உப்புப் போடாமல், கையால் நசுக்கினால் நசியும் பதத்துக்கு அவித்து, தண்ணீரை வடித்துவிட்டு, பாதியை மட்டும் அகப்பையால் மசியுங்கோ. எல்லாவற்றையும் மசித்தால் வடைக்கு அரைத்தது போலாகிவிடும்.

தாச்சியில் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, பொடியாக வெட்டிய பெரிய வெங்காயம் ஒன்று, வெங்காயத்தாள் நாலு தண்டு, உள்ளி நாலு பல்லு, ஸ்கொச் பொனெற் மிளகாய் அரைவாசி, ஐந்தாறு தைம் கொத்திலிருந்து உருவிய இலை எல்லாவற்றையும் வதக்குங்கோ. வெங்காயம் நிறம் மாறும்போது ஜமேக்கன் கறித்தூள் இரண்டு தேக்கரண்டி, ஓல்ஸ்பைஸ் தூள் முக்கால் தேக்கரண்டி, கொஞ்சம் மிளகுதூள். தூள் ஒரு நிமிடம் எண்ணெயில் பொரியட்டும். இனிப் பருப்பு, ஒரு மேசைக்கரண்டி சோயா சோஸ், முக்கால் கப் தண்ணீர். கொதித்து வந்ததும் அரைக் கப் ரஸ்க் தூளைத் தூவிக் கிளறுங்கோ. அகப்பையால் இழுத்தால் தாச்சியின் அடி தெரிந்து, மெதுவாகத்தான் மூட வேண்டும். அதுதான் பதம். உப்பு, உறைப்பு இரண்டும் சோற்றுக் கறிக்குப் போடுவதைவிடச் சற்றுத் தூக்கலாக இருக்கட்டும். சுற்றி இருக்கிற மா அதைக் குறைத்துவிடும்.

நன்றாய் ஆறின பிறகுதான் மாவில் வையுங்கோ. சூட்டோடு வைத்தால் மாவிலுள்ள வெண்ணெய் உருகி அடி நனைந்துவிடும்.

நான் முப்பது வருடமாகப் பற்றிஸ் செய்கிறவள். அதே மாவைக் குழைத்து அவணில் வைத்தால் பலகை மாதிரி வருகிறது. ஏன்?
— வாசகி, ஏஜாக்ஸ்

எங்கடை பற்றிஸ் எண்ணெயில் பொரிகிறது. மாவை நன்றாகப் பிசைந்து மெல்லிசாகத் தட்டினாலும் கொதியெண்ணெய் அதைக் குமிழ விட்டு மொறுமொறுப்பாக்கிவிடும். அவணில் அந்த உதவி கிடையாது. அங்கே அடுக்கைப் பிரிப்பது மாவுக்குள் கட்டியாகக் கிடக்கிற கொழுப்புத்தான். சூட்டில் அது உருகி, அதிலுள்ள ஈரம் ஆவியாகி, மாவை இதழ் இதழாகத் தூக்குகிறது. கொழுப்பை மாவோடு கரையக் கரையப் பிசைந்தால் தூக்குவதற்கு ஒன்றும் மிஞ்சாது. கூடப் பிசையப் பிசைய மாவின் பசைத்தன்மையும் இறுகும். ஆகவே இத்தனை வருடக் கைப்பழக்கத்தை இந்த ஒரு பலகாரத்துக்காகக் கொஞ்சம் மறக்க வேணும்.

அளவு: கோதுமை மா 400 கிராம், கொழுப்பு அதில் பாதி, 200 கிராம். நான் 120 கிராம் வெண்ணெயும் 80 கிராம் மரக்கறி ஷோர்ட்னிங்கும் (தாவர எண்ணெயில் செய்த கட்டிக் கொழுப்பு) போடுவேன்; வெண்ணெய் வாசத்துக்கு, மற்றது உதிருவதற்கு. மஞ்சள்தூள் ஒன்றரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி, ஜமேக்கன் கறித்தூள் ஒரு தேக்கரண்டி. பற்றீயின் அந்தப் பளிச்சென்ற மஞ்சள் இதில்தான் வருகிறது. சிலர் அனாட்டோ விதையின் நிறமும் சேர்ப்பார்கள்.

வெண்ணெயைக் கட்டியாக உறைய விட்டு, கரட் துருவுகிற துருவலில் துருவி மாவில் போடுங்கோ. விரல் நுனியால் இரண்டு மூன்று தரம் உதறிவிட்டால் போதும், பட்டாணி அளவுக் கட்டிகள் தெரிய வேணும். ஐஸ் தண்ணீர் 120 மில்லிலீற்றர், அதோடு ஒரு தேக்கரண்டி வினாகிரி. தெளித்துத் தெளித்து, உதிராமல் ஒன்றாய் ஒட்டும்வரை சேர்த்துக் கட்டுங்கோ. பிசையக் கூடாது. பிறகு நீட்டாக உருட்டி, மூன்றாக மடித்து, திருப்பிப் போட்டு, இன்னொரு தரம் உருட்டி மடித்து, பிளாஸ்ரிக்கில் சுற்றிப் பிரிட்ஜில் ஒரு மணித்தியாலம் வையுங்கோ. இடையில் மா இளகினால் திரும்பவும் பிரிட்ஜுக்குப் போகட்டும், அவசரம் வேண்டாம்.

மூன்று மில்லிமீற்றர் தடிப்பில் உருட்டி, 15 சென்றிமீற்றர் அகலத் தட்டைக் கவிழ்த்து வட்டம் வெட்டுங்கோ. மூன்று மேசைக்கரண்டிப் பருப்பு. ஓரத்தில் தண்ணீர் தடவி மடித்து முள்ளுக்கரண்டியால் அமத்தி, மேலே இரண்டு துளை. முட்டை பூச வேண்டாம், ஜமேக்கன் பற்றீக்கு மினுக்கம் கிடையாது. சுட முதல் இன்னொரு பதினைந்து நிமிடம் பிரிட்ஜில் வைத்து, 200 டிகிரி செல்சியசுக்கு முன்கூட்டிச் சூடாக்கிய அவணில் 25 முதல் 30 நிமிடம். ஓரம் மட்டும் மண்ணிறமானால் சரி.

கறித்தூள் வாங்க இன்னொரு கடைக்கு ஏன் போக வேணும்? எங்கடை வறுத்த தூளையும் கொஞ்சம் கறிவேப்பிலையையும் போட்டால் இன்னும் ருசியாய் இருக்குமே!
— வாசகர், ஸ்காபரோ

ருசியாய்த்தான் இருக்கும் அண்ணை, ஆனால் அது அவணில் சுட்ட பற்றிஸ். ஜமேக்கன் கறித்தூளில் மஞ்சள் தூக்கல், மிளகாய் குறைவு. வெந்தயம், சீரகம், மல்லியோடு ஓல்ஸ்பைசும் பெரும்பாலும் இருக்கும். உறைப்பைத் தூளில் வைக்காமல் பச்சை மிளகாயில் வைப்பது அவர்கள் முறை. எங்கடை தூளில் மிளகாயும் வறுத்த வாசமும் முன்னுக்கு வந்து தைமை மூடிவிடும்.

பற்றீயின் மணம் நாலு சாமானில் நிற்கிறது: தைம், வெங்காயத்தாள், ஸ்கொச் பொனெற், ஓல்ஸ்பைஸ். கடைசியாகச் சொன்னதை ஜமேக்கர் பிமெண்டோ என்பார்கள். மிளகைவிடச் சற்றுப் பெரிய உருண்டை. கறுவா, கராம்பு, சாதிக்காய் மூன்றையும் ஒன்றாய் இடித்தது போல மணக்கும், ஆனால் ஒரே மரத்தின் காய். முழுதாய் வாங்கி வீட்டில் இடியுங்கோ. இந்த நாலில் ஒன்றையும் விடாமல், கறித்தூளை மட்டும் வேறு வழியில்லாமல் மாற்றுகிறீர்கள் என்றால், வறுக்காத தூளோடு மஞ்சளைக் கூட்டிப் போடுங்கோ. கறிவேப்பிலை வேண்டவே வேண்டாம்.

கடையில் ‘வெஜிற்றபிள் பற்றீ’ என்று எழுதியிருந்தால் விரதகாரர் நம்பிச் சாப்பிடலாமோ?
— வாசகி, பிரம்ப்டன்

கேட்டுவிட்டுச் சாப்பிடுங்கோ. உள்ளே வைத்திருப்பது மரக்கறியாக இருந்தாலும் வெளி மாவைக் கவனிக்க வேணும். பழைய முறையில் அந்த மாவுக்கு மாட்டுக் கொழுப்புப் போடுவார்கள். மாட்டின் சிறுநீரகத்தைச் சுற்றியிருக்கும் கட்டிக் கொழுப்பு, ‘சூவெற்’ என்பது. இப்போது பலர் மரக்கறி ஷோர்ட்னிங்குக்கு மாறிவிட்டார்கள், எல்லாரும் அல்ல. பெட்டியில் வருவதென்றால் உள்ளடக்கத்தில் சூவெற், டலோ (உருக்கிய மாட்டுக் கொழுப்பு), லார்ட் (பன்றிக் கொழுப்பு) என்ற மூன்று பெயரையும் தேடுங்கோ. பால், முட்டையும் தொடாதவர்கள் அவற்றையும் பார்க்க வேணும். வீட்டில் செய்வதற்கு எனக்கு இதைவிடப் பெரிய காரணம் தேவையில்லை.

மாமி பின்வளவில் முளைக்கீரை போட்டிருக்கிறா, கோடை முழுக்க வெட்டி முடியவில்லை. அதைப் பற்றீக்குள் வைக்கலாமோ?
— வாசகி, விற்பி

வைக்கலாமோ என்று கேட்கிறீர்களே, ஜமேக்காவில் அதைத்தானே வைக்கிறார்கள்! அவர்கள் கலலூ என்று சொல்வது நம்முடைய முளைக்கீரை, குப்பைக்கீரைக் குடும்பம்தான். (ட்ரினிடாட்காரரிடம் கலலூ கேட்டால் சேம்பிலையில் வேறொன்று தருவார்கள், அது வேறு சமையல்.) தண்டின் நாரை உரித்துப் பொடியாக வெட்டி, வெங்காயம், உள்ளி, தக்காளி, தைம், ஸ்கொச் பொனெற்றோடு மூடி அவியுங்கோ. கீரை விடுகிற தண்ணீர் முழுக்க வற்ற வேணும். வற்றின பிறகும் ஒரு வடியில் போட்டு அகப்பையால் அமத்துங்கோ, இன்னும் வரும். கடைசியில் ரஸ்க் தூள் இரண்டு மேசைக்கரண்டி. மாமியிடம் பச்சைத் தண்டுக்காரியைக் கேளுங்கோ. சிவப்புக்கீரை வைத்தால் மஞ்சள் மா ஊதாவாகக் கசியும்.

மகள் வீகனாகிவிட்டாள், பால் முட்டையும் தொடமாட்டாள். வெண்ணெய்க்குப் பதில் என்ன?
— வாசகர், மிசிசாகா

முழுவதும் மரக்கறி ஷோர்ட்னிங், அல்லது அதில் மூன்றில் ஒரு பங்கு தேங்காயெண்ணெய். தேங்காயெண்ணெய் 24 டிகிரி அளவில் உருகும். எங்கள் மாரிகாலச் சமையலறையில் அது கல்லாய் இருக்கும், ஆடியில் கைச்சூட்டிலேயே ஓடிவிடும். அதைப் பார்த்து நடந்துகொள்ளுங்கோ. மகளிடம் ஜமேக்காவின் ரஸ்தஃபாரி மதத்தவருடைய ‘ஐற்றல்’ என்ற சமையலைத் தேடிப் பார்க்கச் சொல்லுங்கோ. அவர்களில் பலர் இறைச்சி தொடாமல், உப்பையும் குறைத்து, தேங்காய்ப்பாலிலும் பருப்பிலும் கீரையிலும்தான் சமைக்கிறார்கள். வீகன் என்ற சொல்லை ரொறன்ரோக் கடைகள் பலகையில் எழுத முதலே அவர்கள் அந்தச் சாப்பாடு சாப்பிட்டவர்கள்.

ஸ்கொச் பொனெற் வெட்டின கையோடு கண்ணைத் தொட்டுவிட்டேன்!
— வாசகி, பெயர் வேண்டாமாம்

பாவம். கையுறை போடுங்கோ. உறைப்பை அளக்கிற ஸ்கோவில் அளவில் அது ஒரு லட்சத்திலிருந்து மூன்றரை லட்சம். ஹலப்பீனியோ மிளகாய் 8,000ஐத் தாண்டாது. உறைப்பு விதையில் அல்ல, விதை ஒட்டியிருக்கும் வெள்ளைச் சவ்வில். அதைச் சுரண்டி எறிந்தால் பழம் போன்ற அந்த மணம் மிஞ்சும், எரிவு குறையும். சின்னப் பிள்ளைகளுக்கென்றால் மிளகாயை வெட்டாமல் முழுதாகக் குழம்பில் மிதக்க விட்டு, வெடிக்க முதல் எடுத்துவிடுங்கோ. ஹபனெரோ போட்டாலும் சரி, இரண்டும் ஒரே இனம்.

பற்றீயும் எங்கடை ஆட்கள் கொண்டுபோனதுதான் என்று ஒருவர் அடித்துச் சொல்கிறார். உண்மையோ?
— வாசகர், ஸ்காபரோ

அந்த அளவுக்கு உரிமை கொண்டாட முடியாது. மாவுக்குள் கறியை மடித்துச் சுடுவது ஆங்கிலேயர் கொண்டுவந்த பேஸ்ரி வழக்கம். மிளகாயும் பிமெண்டோவும் அந்த மண்ணுக்குரியவை. கறித்தூளும் மஞ்சளும் இந்தியக் கூலித் தொழிலாளரோடு போனவை. முதல் கப்பலான ‘பிளண்டெல்’ கல்கத்தாவிலிருந்து ஜமேக்காவுக்கு 1845 மே மாதம் போய்ச் சேர்ந்தது. 1917 வரைக்கும் ஏறக்குறைய 36,000 பேர் போனார்கள். பெரும்பாலானோர் இன்றைய பீகார், உத்தரப் பிரதேசப் பக்கத்தவர். ஆப்பிரிக்க வம்சாவழியினரின் கையில்தான் இவை எல்லாம் ஒன்று சேர்ந்து பற்றீயானது.

கனடாவில் அதன் பெயரால் ஒரு பிணக்கும் வந்தது தெரியுமோ? 1985இல், சட்டப்படி ‘பீஃப் பற்றீ’ என்றால் ஹம்பேர்கருக்குள் வைக்கிற இறைச்சி மட்டும்தான், மா சுற்றியதை அந்தப் பெயரில் விற்கக்கூடாது என்று மத்திய அரசின் அதிகாரிகள் ரொறன்ரோக் கடைக்காரரிடம் போய் நின்றார்கள். கடைக்காரர் விடவில்லை. கடைசியில் ‘ஜமேக்கன் பற்றீ’ என்று விற்பதென்று முடிந்தது. இறைச்சி வைக்காத நமக்கு அந்தத் தொல்லை இல்லை.

அவண் இல்லை. பொரிக்கலாமோ?
— மாணவர், வோட்டர்லூ

இந்த மாவைப் பொரிக்காதேங்கோ தம்பி, கொழுப்பெல்லாம் எண்ணெயில் கரைந்து மா உதிர்ந்துபோகும். ட்ரினிடாட்டின் ஆலு பை செய்யுங்கோ. பிறப்பிலேயே மச்சம் இல்லாதது: மசித்த உருளைக்கிழங்கில் சீரகம், உள்ளி, மிளகாய், ஷடோ பெனி என்ற இலை. அந்த இலை கிடைக்காவிட்டால் மல்லியிலையைக் கூடப் போடுங்கோ. மா, பேக்கிங் பவுடர், உப்பு, தண்ணீர் போட்டு மெதுவாகக் குழைத்து அரை மணி ஊற விட்டு, நீளமாக மடித்துப் பொரியுங்கோ. நடுவில் கீறிப் புளிச் சட்னி விட்டுச் சாப்பிடுவார்கள்.

செய்து பிறீசரில் வைக்கலாமோ?
— மேலே எழுதிய மார்க்கம் வாசகியே, இரண்டாவது கடிதத்தில்

சுடாமல் வையுங்கோ. தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி உறைய விட்டு, பிறகு பையில் போடுங்கோ. இரண்டு மாதம் நல்லாய் இருக்கும். உருக விடாமல் அப்படியே 190 டிகிரியில் 35 முதல் 40 நிமிடம். சுட்டதைத் திரும்பச் சூடாக்குவதென்றால் அவணில் பத்து நிமிடம் போதும். பெடியன்கள் மைக்ரோவேவைத் திறக்கப் பார்ப்பார்கள், விடாதேங்கோ, மா சவசவத்துப் போகும்.