பசிங்கிற வார்த்தையை எடுத்தாங்க, பசியை எடுக்க முடியல

வறுமை, சிக்கனம் இதையெல்லாம் சிரிக்க சிரிக்க சொன்ன காமிக்ஸ்ல உங்களுக்கு எது பிடிக்கும்னு கேட்டிருக்கீங்க. எனக்கு கார்ப்பாந்தா தான். ஸ்பெயின்ல 1947ல புல்கார்சித்தோங்கிற சிறுவர் பத்திரிகைல வர ஆரம்பிச்சது, வரைஞ்சவர் ஜோசெப் எஸ்கோபார்.

நான் பார்சிலோனால படிக்கும்போது சான் அந்தோனி மார்க்கெட்ல ஞாயித்துக்கிழமை பழைய புக்கு, பழைய காமிக்ஸ் எல்லாம் கடை போட்டு விப்பாங்க, அங்க தான் முதல்ல எடுத்துப் பார்த்தேன். வைக்கோல் தொப்பி, கழுத்தே தெரியாத அளவுக்கு பெரிய காலர், பாலத்துக்கு அடியில குடித்தனம், அவன் தான் ஹீரோ, பேரும் கார்ப்பாந்தா தான். அவனுக்கு வாழ்க்கைல வேண்டியது ஒண்ணே ஒண்ணு தான், வறுத்த முழுக்கோழி. கனவுல கோழி, மேகத்தைப் பார்த்தாலும் கோழி. இன்னிக்கு தெருமுனைல சிக்கன் கிடைக்கிற நமக்கு இது பெரிசா தெரியாது, ஆனா அங்க 1939ல உள்நாட்டுப் போர் முடிஞ்சு 1952 வரைக்கும் ரேஷன் கார்டு தான், கோழியெல்லாம் சாதாரண வீட்டுல விசேஷத்துக்கு மட்டும். ஒவ்வொரு கதையிலயும் சாப்பாட்டுக்கு ஒரு திட்டம் போடுவான், கைக்கு எட்டினது வாய்க்கு எட்டாம போயிடும், அடுத்த கதைல அதே பாலத்தடியில இருந்து புதுசா ஒரு திட்டத்தோட கிளம்பிடுவான். அவனைப் பார்த்து பாவம்னு தோணவே தோணாது, இன்னிக்காவது கிடைச்சிடணுமேன்னு நம்ம மனசு அடிச்சுக்கும். பசிச்சவனை கேலிப்பொருளா ஆக்காம, அவன் பக்கம் நின்னுக்கிட்டு எஸ்கோபார் சிரிக்க வைக்கிறாரு பாருங்க, அது ரொம்ப கஷ்டமான வேலை.

எஸ்கோபாருக்கு அந்தக் காலம் சும்மா கடந்து போகல. போருக்கு முன்னாடி தபால்துறைல வேலை பார்த்தவர், போர் முடிஞ்சதும் வேலையும் போச்சு, ஜெயிலுக்கும் போயிட்டு வந்தார். அப்புறம் தான் இதை வரைஞ்சாரு.

இதுல முக்கியமான விஷயமே சென்சார் தான். போருக்கு அப்புறம் வந்த சர்வாதிகாரி ஃபிராங்கோ ஆட்சில ஸ்பெயின்ல யாரும் பட்டினி கிடக்கலைங்கிறது அரசாங்கத்தோட கணக்கு, அதனால பசிங்கிற வார்த்தையே வரக்கூடாதுன்னுட்டாங்க. பசிக்கு அவங்க மொழில அம்ப்ரே, அதை எடுத்துட்டு அபெத்தீத்தோன்னு போட வேண்டியதாச்சு, அதாவது வெறும் சாப்பிடுற ஆசையாம். ஆனா கார்ப்பாந்தாங்கிற பேருக்கே பேச்சு வழக்குல அகோரப் பசின்னு தான் அர்த்தம்! அந்தப் பேரு பாட்டுக்கு தலைப்புல பெரிய எழுத்துல நின்னுட்டு இருந்தது, படிக்கிற பசங்களுக்கு அதுக்கு மேல விளக்கம் எதுக்கு?

நான் வாடகைக்கு இருந்த வீட்டுக்கார அம்மாவுக்கு எழுபது வயசுக்கு மேல, புக்கைப் பார்த்ததும் கைல வாங்கி அப்படியே உக்காந்து படிச்சு கண்ணுல தண்ணி வர சிரிச்சாங்க. சின்ன வயசுல புதுசா வாங்க காசு இருக்காதாம், ஒரு சில்லறைக்காசு சேர்த்துக் குடுத்தா கடைல பழையதை வாங்கிட்டு வேற குடுப்பாங்களாம், அப்படியே மாத்தி மாத்தி தெருப்பசங்க எல்லாரும் படிச்சிருக்காங்க. அந்தம்மா இன்னிக்கும் ரொட்டித்துண்டு கீழ விழுந்தா எடுத்து முத்தம் குடுத்துட்டு தான் மறுபடி மேஜைல வைப்பாங்க.