தொலைபேசிக் கூண்டில் ஒரு மனிதர்

அன்புள்ள ஐயா,

தாங்கள் பரிந்துரைத்த ‘லா கபினா’ என்னும் ஸ்பானியக் குறும்படத்தைப் பார்த்தேன். மகனைப் பள்ளிப் பேருந்தில் ஏற்றி அனுப்பிய ஒருவர், தொலைபேசிக் கூண்டுக்குள் நுழைந்து, வெளியே வர முடியாமல் சிக்கிக்கொள்கிறார். அவர் செய்த தவறு என்னவென்று படம் கடைசிவரை சொல்லவில்லை. இதை விதி என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டுமா?

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

அவர் தவறேதும் செய்யவில்லை. ஆனாலும் நேர்ந்ததை விதி என்று சொல்ல எனக்கு மனம் ஒப்பவில்லை. தொடக்கக் காட்சியை மீண்டும் பாருங்கள். லாரியில் வரும் பணியாளர்கள் மாட்ரிட் நகரத்துக் குடியிருப்பு ஒன்றின் நடுவே அந்தச் சிவப்புக் கூண்டை இறக்கிப் பொருத்திவிட்டுப் போகிறார்கள்; படம் முடியும்போதும் புதிய கூண்டொன்று அதே நிதானத்தோடு பொருத்தப்படுகிறது. நம் கண்ணுக்கு ஒரு மனிதரின் வாழ்வு திடீரென்று கவிழ்ந்ததாகத் தெரிவது, அவர்களுக்கு அன்றாட வேலை. யாரோ திட்டமிட்டுச் செய்வதை விதி என்று அழைத்தால், செய்தவர்களைப் பற்றிய கேள்வியே எழாமல் போய்விடும்.

அந்தோனியோ மெர்செரோ இயக்கிய இந்த 35 நிமிடப் படம் ஸ்பெயின் தொலைக்காட்சியில் 1972 டிசம்பர் 13 அன்று ஒளிபரப்பானது. மறு ஆண்டு சர்வதேச எம்மி விருதைப் பெற்றது. அன்று நடந்தது பிராங்கோவின் சர்வாதிகார ஆட்சி என்பதால், பலர் கூண்டில் அந்த ஆட்சியையே கண்டார்கள். அந்த வாசிப்பை நான் மறுக்கவில்லை. யாரிடம் முறையிடுவது என்றே தெரியாத மக்களின் அச்சம் படம் முழுவதும் இருக்கிறது.

என்னை மேலும் உலுக்குவது வேடிக்கை படிப்படியாகப் பயங்கரமாக மாறும் விதம். சிக்கிக்கொள்பவராக நடித்த, நகைச்சுவை வேடங்களால் புகழ்பெற்றிருந்த ஹோசே லூயிஸ் லோபெஸ் வாஸ்கெஸ் முதலில் வெட்கம் மட்டுமே படுகிறார். சுற்றி நிற்பவர்கள் சிரிக்கிறார்கள், நாமும் சிரிக்கிறோம். தீயணைப்பு வீரர் கூண்டின் மேற்கண்ணாடியை உடைக்கப்போகும் நேரத்தில் பணியாளர்கள் வந்து, கூண்டோடு அவரை லாரியில் ஏற்றுகிறார்கள். கதவு மூடிக்கொண்ட கணத்தைவிட, மீட்பு என்று எல்லோரும் நம்பிய இந்தக் கணத்தில்தான் அவர் வாழ்வு உண்மையில் கைவிட்டுப் போகிறது.

வழியில் இன்னொரு லாரியில் இன்னொரு கூண்டும், அதற்குள் இன்னொரு மனிதரும். இருவரும் ஒருவரையொருவர் பார்க்கிறார்கள்; இருவருக்கும் நடுவே கண்ணாடி. பிறகு நிலத்தடிக் கிடங்கில் அந்த இன்னொரு மனிதரை மறுபடி காண்கிறோம், கழுத்தில் தொலைபேசிக் கம்பி இறுகிய பிணமாக.

அன்புடன்.