'ப்ரெத்லெஸ்' படத்தொகுப்பாளர் செசில் தெக்யூஜி யார்? அவர் பெயர் ஏன் அதிகம் அடிபடுவதில்லை?

'ஜம்ப் கட்' (ஒரே ஷாட்டின் நடுவில் வெட்டிப் படத்தைத் துள்ள வைப்பது) என்றதும் எல்லோரும் 'ப்ரெத்லெஸ்' இயக்குநர் கோதார் பெயரைச் சொல்வார்கள். மேசையில் அமர்ந்து வெட்டியவர் தெக்யூஜி.

1959-ல் எடுத்த படம் முதல் தொகுப்பில் தேவைக்கு மேல் ஏறத்தாழ ஒரு மணி நேரம் நீண்டிருந்தது. வழக்கமாக முழுக் காட்சிகளைத் தூக்குவார்கள். இங்கே காட்சிகளுக்குள்ளேயே வெட்டினார்கள். படம் சுமார் 90 நிமிடமானது. காரில் நாயகன் பெல்மோந்தோ நாயகி சீபெர்க்கை வர்ணிக்கும் இடத்தைப் பாருங்கள்: அவள் பின்கழுத்து அப்படியே இருக்கும், பின்னால் தெருவும் வெயிலும் மட்டும் துள்ளித் துள்ளி மாறும். கோணம் மாறாமல் ஒரே ஷாட்டின் நடுவில் வெட்டினால் படம் எகிறும். பாடப்புத்தகப்படி அது பிழை. இங்கே அது நிற்கக் காரணம், அவன் பேச்சு வெட்டுகளின் மேல் அறுபடாமல் ஓடுவது. வசனம் பின்னால் டப்பிங்கில் சேர்ந்ததால்தான் இந்தச் சுதந்திரம்.

அடுத்து இயக்குநர் த்ரூஃபோவின் 'ஷூட் த பியானோ பிளேயர்'. அதில் க்ளோதீன் பூஷேயும் தொகுப்பாளர். 1960-ல், அல்ஜீரிய விடுதலை இயக்கத்துக்கு உதவியதாகத் தெக்யூஜி கைதானார். 5 ஆண்டுத் தண்டனையில் சுமார் 2 ஆண்டு சிறையில் இருந்தார். கோதார், த்ரூஃபோ போன்றோரின் பிரெஞ்சு சினிமா இயக்கமான புதிய அலை உச்சத்தில் இருந்தபோது அவர் களத்திலேயே இல்லை. பெயர் மங்கியதற்கு இதுவே பெரிய காரணம் என்பேன்.

பிறகு இயக்குநர் ரோமரிடம் வேலை, 'மை நைட் அட் மோட்ஸ்' (1969) முதல் 'ஃபுல் மூன் இன் பாரிஸ்' (1984) வரை. அங்கே வெட்டே கண்ணில் படாது: பேசுபவரை விட்டுக் கேட்பவர் முகத்துக்கு எப்போது போவது என்பதுதான் முழு வேலையும்.